அந்தத் 'தான்' வேண்டாம்: செய்தி அறைகளுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ் நாளிதழ்கள், தொலைக்காட்சிகள், இணையச் செய்தித் தளங்களின் ஆசிரியர்களுக்கும், முக்கியமாக நைட் ஷிப்டில் ஒற்றை ஆளாக டெஸ்க்கைப் பார்த்துக்கொள்ளும் உதவி ஆசிரியர்களுக்கும்,

வணக்கம்.

இருபத்து மூன்று ஆண்டுகள் உங்களில் ஒருத்தியாக டெஸ்க்கில் உட்கார்ந்திருந்தவள் எழுதுகிறேன். எங்கோ நிலநடுக்கம் என்று ஏஜென்சி செய்தி வந்து விழுந்ததும் நம் கை தானாக என்ன எழுதும் என்று எனக்குத் தெரியும். ரிக்டர் அளவு, சாவு எண்ணிக்கை, மக்கள் அலறியடித்து வீதிக்கு ஓடினர். மறுநாள் தொடர்ச்செய்தியில் கடைசி வரியாக ஒன்று வரும்: "இனி வருபவை பின்னதிர்வுகள்தான், படிப்படியாகக் குறையும், மக்கள் அச்சப்படத் தேவையில்லை." இந்த வரியை எத்தனை முறை எழுதியிருப்பேன் என்று எனக்கே கணக்கில்லை. இதை எழுதுவதை நிறுத்துங்கள் என்று கேட்கவே இந்த மடல்.

2016 ஏப்ரல் 14, வியாழக்கிழமை, சித்திரை முதல் நாள். சட்டமன்றத் தேர்தலுக்கு ஒரு மாதம் இருந்ததால் டெஸ்க்கில் வேறு எந்தச் செய்திக்கும் மூச்சுவிட இடமில்லை. மாலை 5.56-க்கு, ஜப்பானில் அப்போது இரவு 9.26, கியூஷு தீவின் குமமோட்டோ பகுதி குலுங்கியது. ஜப்பான் வானிலை முகமையின் கணக்கில் 6.5. மஷிகி என்ற சிறு நகரத்தில் குலுக்கலின் கடுமை ஜப்பானியர்களின் ஷிந்தோ அளவையில் 7. அந்த அளவையில் அதற்கு மேல் படியே கிடையாது. ஒன்பது பேர் இறந்ததாக மறுநாள் செய்தி வந்தது.

என் தம்பி மகன் அப்போது குமமோட்டோவில் ஆராய்ச்சி மாணவன். அன்றிரவு அவனும் குடியிருப்பில் இருந்த மற்றவர்களும் பக்கத்துப் பள்ளி மைதானத்தில் தார்ப்பாய் விரித்துப் படுத்தார்கள். மறுநாள் பிற்பகல் எனக்குப் போன் செய்தான். குளிர் தாங்கவில்லை, ராத்திரி முழுக்கக் கண்ணே மூடவில்லை என்றான். "அத்தை, நீங்க நியூஸ்ல இருக்கீங்களே, இன்னிக்கு உள்ள போய்ப் படுக்கலாமா?"

குமமோட்டோ தொடர்ச்செய்தியை அப்போதுதான் முடித்துப் பக்கத்துக்கு அனுப்பியிருந்தேன். அதில் எழுதியதையே அவனுக்கும் சொன்னேன். "பெரிசு வந்து போயிடுச்சுப்பா. இனிமே பின்னதிர்வுதான். போய் நல்லாத் தூங்கு."

அன்று இரவு இங்கே மணி 9.55. அங்கே சனிக்கிழமை அதிகாலை 1.25. மறுபடியும் குலுங்கியது. இந்த முறை 7.3. மஷிகியில் இரண்டாம் தடவையாக ஷிந்தோ 7, பக்கத்து நிஷிஹாரா கிராமத்திலும் 7. ஒரே தொடரில் இருமுறை 7 என்பது அந்த நாட்டின் பதிவுகளில் அதுவரை இல்லாதது. முதல் நாள் விரிசலோடு தாங்கி நின்ற வீடுகள் இரண்டாவது குலுக்கலில் உட்கார்ந்துவிட்டன. மினாமி அசோவில் மலைச்சரிவு இறங்கி, அசோ பெரும்பாலம் பள்ளத்தாக்கில் விழுந்தது. இரண்டு நடுக்கத்திலும் சேர்த்து நேரடியாக இறந்தவர்கள் 50 பேர். அவர்களில் முதல் இரவு வெளியே தங்கிவிட்டு, இரண்டாம் இரவு வீட்டுக்குள் போனவர்களும் இருந்தார்கள்.

தம்பி மகன் பிழைத்துக்கொண்டான். தண்ணீர் குடிக்க எழுந்தவன், சமையலறை வாசலில் நின்றுகொண்டிருந்திருக்கிறான். நாற்பது நிமிடம் லைன் கிடைக்கவில்லை. பிறகு ஒரு படம் அனுப்பினான். புத்தக அலமாரி மெத்தைமேல் குப்புறக் கிடக்கிறது. அவன் அம்மா கொடுத்தனுப்பிய நார்த்தங்காய் ஊறுகாய் பாட்டில் உடைந்து, தலையணையின் நடுவில், தலை வைத்து வைத்துக் குழிந்த அதே இடத்தில், எண்ணெயும் கண்ணாடிச் சில்லுகளும். அந்தப் படம் இன்றும் என் போனில் இருக்கிறது. அவனோ, தம்பியோ, தம்பி மனைவியோ இதுவரை என்னிடம் ஒரு வார்த்தை கேட்டதில்லை.

நான் என்ன தப்பாகச் சொன்னேன் என்று விளங்கிக்கொள்ளவே எனக்கு நாளாயிற்று. முன்னதிர்வு, முதன்மை அதிர்வு, பின்னதிர்வு என்று மூன்று சொற்களை வைத்திருக்கிறோம். மூன்று வகை நடுக்கங்கள் இருப்பதைப் போலவும், வந்த உடனே எது எந்த வகை என்று கருவி சொல்லிவிடும் என்பதைப் போலவும் அவற்றைப் புழங்குகிறோம். உண்மையில் மூன்றும் ஒரே மாதிரி நடுக்கங்கள். நில அதிர்வு வரைபடத்தை எவ்வளவு உற்றுப் பார்த்தாலும் இது முன்னது, இது பின்னது என்று நெற்றியில் எழுதியிருக்காது. ஒரு வீட்டில் கடைக்குட்டி என்று ஒரு பிள்ளையைக் கூப்பிடுகிறோம். அடுத்த பிள்ளை பிறக்கும்வரை அது கடைக்குட்டி. பிறந்துவிட்டால் அந்தப் பெயர் கைமாறிவிடும். நிலநடுக்கத்திலும் அப்படியே. தொடர் முழுவதும் ஓய்ந்தபின், எது மிகப் பெரியது என்று பார்த்து அதற்கு முதன்மை அதிர்வு என்று பெயர் வைக்கிறார்கள். அதற்கு முன் வந்தவை முன்னதிர்வு, பின் வந்தவை பின்னதிர்வு. ஏப்ரல் 15 முழுக்க உலகமே குமமோட்டோவின் முதன்மை அதிர்வு என்று சொல்லிக்கொண்டிருந்த 6.5, மறுநாள் விடியும்போது முன்னதிர்வாகிவிட்டது.

2011-இலும் இதே கதை. மார்ச் 9 அன்று ஜப்பானின் வடகிழக்குக் கடலில் 7.3. அது பெரிய நடுக்கம்தானே, வந்து போயிற்று என்றே எல்லாரும் எடுத்துக்கொண்டார்கள். இரண்டு நாள் கழித்து, மார்ச் 11, 9.0. சுனாமி, ஃபுகுஷிமா எல்லாம் அதற்குப் பிறகு.

ஏன் ஒன்று இன்னொன்றை இழுத்துக்கொண்டு வருகிறது? நைந்த வேட்டி ஓரிடத்தில் கிழிந்தால், அதுவரை அந்த இடம் தாங்கிய இழுப்பெல்லாம் கிழிசலின் இரண்டு முனைக்கும் போகிறது. முனையில் நூல் நல்லதாக இருந்தால் நிற்கும், நைந்திருந்தால் அங்கிருந்து இன்னும் நீளமாகக் கிழியும். நிலப்பிளவும் ஏறக்குறைய அப்படியே. குமமோட்டோவில் 14-ஆம் தேதி நகர்ந்தது ஹினாகு பிளவின் ஒரு துண்டு. அந்த அழுத்தம் பக்கத்தில் இருந்த ஃபுதாகவா பிளவுக்குப் போனது. 28 மணி நேரம் அது தாங்கியது. எந்த முனை எவ்வளவு நைந்திருக்கிறது என்று பல கிலோமீட்டர் ஆழத்துக்குள் எட்டிப் பார்க்க இன்றுவரை வழி இல்லை.

'படிப்படியாகக் குறையும்' என்று எழுதுகிறோமே, அது எங்கிருந்து வந்தது தெரியுமா? 1891-இல் ஜப்பானின் நோபி சமவெளியில் வந்த பெரிய நடுக்கத்தின் பின்னதிர்வுகளை ஃபுசாகிச்சி ஓமோரி என்ற இளம் விஞ்ஞானி உட்கார்ந்து எண்ணினார். 1894-இல் ஒரு விதி சொன்னார். தோராயமாக, முதல் நாள் நூறு என்றால் இரண்டாம் நாள் ஐம்பது, பத்தாம் நாள் பத்து. நூற்று முப்பது ஆண்டுகளாக உலகெங்கும் பொருந்திவரும் விதி. ஆனால் கவனியுங்கள், அவர் எண்ணியது எத்தனை என்பதை. எவ்வளவு பெரியது என்பதை அல்ல. எண்ணிக்கை குறையும். வருகிற ஒவ்வொன்றும் முந்தியதைவிடச் சின்னதாக இருக்கும் என்று ஓமோரி எங்கும் சொல்லவில்லை. நம் செய்தியில் இந்த இரண்டும் ஒன்றாகக் கலந்துவிட்டன.

நேபாளத்தை நினைத்துப் பாருங்கள். 2015 ஏப்ரல் 25, நண்பகலுக்குச் சற்று முன், 7.8. பதினேழு நாள் கழித்து, மக்கள் கூடாரங்களிலிருந்து மெல்ல மெல்ல வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்த மே 12 அன்று 7.3. இலக்கணப்படி அது பின்னதிர்வு. அந்தப் 'பின்னதிர்வில்' இருநூறுக்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். ஒரு தொடரின் மிகப் பெரிய பின்னதிர்வு, முதன்மை அதிர்வைவிடச் சராசரியாக 1.2 அளவு குறைவாக இருக்கும் என்று ஸ்வீடன் நாட்டு அறிஞர் பாத் கண்டு சொன்ன கணக்கு ஒன்று உண்டு. அதன்படி நேபாளத்துக்கு 6.6 வந்திருக்க வேண்டும். சராசரி என்பது ஆயிரம் ஊர்களுக்குச் சேர்த்துப் பார்த்தால் சரியாக வரும். நம் ஊரில் நாளைக்கு எப்படி என்று அதைக் கேட்க முடியாது.

நம் சென்னைக்கும் இது முற்றிலும் அந்நியம் இல்லை. 2012 ஏப்ரல் 11 பிற்பகல், சுமத்ராவுக்கு மேற்கே கடலடியில் 8.6. அலுவலகங்களைவிட்டு எல்லாரும் தெருவுக்கு வந்தோமே, நினைவிருக்கும். இரண்டு மணி நேரம் கழித்து அதே பகுதியில் 8.2. அதுவும் கணக்கில் பின்னதிர்வு என்றே வரும். நிலம் பக்கவாட்டில் நகர்ந்ததால் பேரலை எழவில்லை. 2004 டிசம்பரைப் பார்த்த நமக்கு அன்று கடற்கரைச் சாலையில் இருந்த அமைதி மறக்காது.

'தான்' போடுபவர்கள் பக்கமும் ஒரு நியாயம் இருக்கிறது, அதை மறைக்கக் கூடாது. ஒரு நடுக்கத்தைத் தொடர்ந்து சில நாளில் அதைவிடப் பெரியது வருவது, தோராயமாக இருபதில் ஒன்று. மீதிப் பத்தொன்பது முறையும் நாம் எழுதிய வரி சரியாகிவிடும். அதனாலேயே யாரும் நம்மைத் தட்டிக் கேட்டதில்லை. பிளவு, ஊர் என்று இடத்துக்கு இடம் அந்தக் கணக்கு மாறும். ஆனாலும் ஒன்றை யோசியுங்கள். இருபது பேர் ஏறும் பஸ்ஸில் ஒரு சீட்டின் அடிப்பலகை உடைந்திருக்கிறது என்று தெரிந்தால், "ஏறுங்க, சீட்டெல்லாம் நல்லாத்தான் இருக்கு" என்று எந்தக் கண்டக்டராவது சொல்வாரா?

இத்தாலியின் லாக்விலா நகரத்தைப் பற்றி நாம் எல்லோரும் எழுதியிருக்கிறோம். 'நிலநடுக்கத்தைக் கணிக்கத் தவறிய விஞ்ஞானிகளுக்குச் சிறை' என்று 2012-இல் தலைப்புப் போட்டோம். நானும் போட்டேன். வழக்கு அதுவல்ல. 2009 தொடக்கத்திலிருந்து அங்கே சின்னச் சின்ன அதிர்வுகள் வந்துகொண்டே இருந்தன. மார்ச் 31 அன்று அரசின் பேரிடர் ஆணையம் அந்த ஊரில் கூடியது. அன்று பொதுப் பாதுகாப்புத் துறையின் துணைத் தலைவர் தொலைக்காட்சிப் பேட்டியில், இப்படித் தொடர்ந்து ஆற்றல் வெளியேறுவது சாதகமான நிலை என்ற பொருளில் பேசினார். அந்த ஊர்க்காரர்களுக்குத் தலைமுறை தலைமுறையாக ஒரு பழக்கம் இருந்தது. ராத்திரியில் பூமி அசைந்தால் போர்வையை எடுத்துக்கொண்டு சதுக்கத்துக்கு வந்துவிடுவார்கள். ஏப்ரல் 5 இரவு பதினொரு மணி வாக்கில் ஒன்று, நள்ளிரவுக்குப் பின் ஒன்று என இரண்டு அதிர்வுகள் வந்தன. பலர் இந்த முறை வெளியே வரவில்லை, பிள்ளைகளைச் சமாதானப்படுத்திப் படுக்க வைத்தார்கள். அதிகாலை 3.32-க்கு 6.3. இறந்தவர்கள் 309 பேர். மேல்முறையீட்டில் விஞ்ஞானிகள் ஆறு பேரும் விடுதலையானார்கள். ஆறுதல் சொன்ன அதிகாரியின் தண்டனை குறைக்கப்பட்டாலும் நின்றது.

பாட்டி காலத்துப் பழக்கத்தை ஒரு டிவி பேட்டி வென்றுவிட்டது என்பதை நினைக்கும்போது எனக்கு இப்போதும் கை நடுங்குகிறது. நம் வார்த்தைக்கு அவ்வளவு கனம்.

சின்ன அதிர்வுகள் வந்தால் நல்லது, அழுத்தம் இறங்கிவிடும் என்ற பேச்சு நம் விவாத நிகழ்ச்சிகளிலும் அடிக்கடி வருகிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள். அளவு ஒன்று கூடினால் ஆற்றல் சுமார் 32 மடங்கு. 6 அளவு நடுக்கம் ஒன்றின் ஆற்றலை 4 அளவு நடுக்கங்களால் இறக்கிவைக்க வேண்டுமென்றால் ஆயிரம் வேண்டும். எந்த ஊரிலும் அப்படி வந்து இறங்கிப்போவதில்லை.

மகாராஷ்டிரத்தின் கில்லாரியில் 1992 ஆகஸ்ட் முதல் அக்டோபர் வரை நூற்றுக்கும் மேற்பட்ட சிற்றதிர்வுகளை மக்கள் உணர்ந்தார்கள். பிறகு அடங்கிவிட்டது போலிருந்தது. 1993 செப்டம்பர் 30 அதிகாலை 3.56-க்கு 6.2. கல்லும் மண்ணும் வைத்துக் கட்டிய தடித்த சுவர்கள் தூங்கியவர்கள்மேல் சரிந்தன. அரசுக் கணக்கில் இறந்தவர்கள் ஏறத்தாழ எட்டாயிரம். அதே மகாராஷ்டிரத்தின் பால்கர் மாவட்டத்தில் 2018 நவம்பரில் தொடங்கி அதேபோல அதிர்வுகள் மாதக்கணக்கில் வந்தன, பெரியது எதுவும் பின்தொடரவில்லை. சீனாவில் ஹைசெங் நகரத்தை 1975-இல் முன்னதிர்வுகள் காப்பாற்றின, மக்கள் முன்கூட்டியே வெளியேறினார்கள். அடுத்த ஆண்டே டாங்ஷானில் ஒரு முணுமுணுப்புகூட இல்லாமல் 7.6 வந்து, அதிகாரபூர்வக் கணக்கிலேயே 2,42,000 பேர் போனார்கள். ஆக, அதிர்வு வந்தால் பெரியது வரும் என்றும் எழுத முடியாது, வராது என்றும் எழுத முடியாது. ஊடகத்தில் இருப்பவர்களுக்கு இது கஷ்டமான இடம். தலைப்புக்கு ஏதாவது ஒரு பக்கம் சாய்ந்தாக வேண்டும் என்று பழகிவிட்டோம்.

ஜப்பான்காரர்கள் குமமோட்டோவுக்குப் பிறகு என்ன செய்தார்கள் என்பதை உங்களுக்குச் சொல்லியே ஆக வேண்டும். ஏப்ரல் 15 பிற்பகல் வானிலை முகமை ஓர் அறிவிப்பு தந்திருந்தது: அடுத்த மூன்று நாளில் ஷிந்தோ 6-இன் கீழ்ப்படி அல்லது அதற்கு மேல் குலுக்கும் பின்னதிர்வு வர 20 விழுக்காடு வாய்ப்பு. கேட்டவர்களுக்கு அது '80 விழுக்காடு ஒன்றும் ஆகாது' என்று காதில் விழக்கூடியது. 'பின்னதிர்வு' என்ற சொல்லே, பெரியது முடிந்துவிட்டது என்ற எண்ணத்தையும் சேர்த்துக் கொடுத்தது. தவறு எங்கே என்று உட்கார்ந்து பார்த்தார்கள். அதே ஆண்டு ஆகஸ்டில் அரசின் நிலநடுக்க ஆய்வுக் குழு புது நெறிமுறை கொண்டுவந்தது. பெரிய நடுக்கம் வந்தபின் தரும் எச்சரிக்கையில் 'யோஷின்', அதாவது பின்னதிர்வு, என்ற சொல்லைத் தவிர்ப்பது. அதற்குப் பதில், சுமார் ஒரு வாரத்துக்கு இதே அளவு குலுக்கல் மறுபடி வரலாம், கவனமாக இருங்கள் என்று சொல்வது. அவ்வளவு பெரிய அறிவியல் நிறுவனம் தன் வாயிலிருந்த ஒரு சொல்லையே மாற்றிக்கொண்டது.

நான் உங்களிடம் அவ்வளவு கேட்கவில்லை. பின்னதிர்வு நல்ல தமிழ்ச்சொல், இருக்கட்டும். அதன் வாலில் ஒட்டும் இரண்டெழுத்தை மட்டும் எடுத்துவிடுங்கள். 'பின்னதிர்வு' என்றால் செய்தி. 'பின்னதிர்வுதான்' என்றால் அது வாக்குறுதி, நம்மிடம் அதற்குக் கையிருப்பு இல்லை.

அந்த இடத்தில் என்ன எழுதுவது என்று கேட்பீர்கள். டெஸ்க்கில் இருப்பவருக்கு அறிவுரையைவிட ஆயத்தமான வரி தேவை, அது எனக்குத் தெரியும். இதை அப்படியே எடுத்துக்கொள்ளலாம்: "இதுபோன்ற நடுக்கத்துக்குப் பிறகு பல சிறு அதிர்வுகள் தொடர்வது வழக்கம். இதே அளவிலோ இதைவிடப் பெரிதாகவோ இன்னொன்று வரும் வாய்ப்பு குறைவு, ஆனால் உண்டு. முதல் சில நாட்களில் அந்த வாய்ப்பு அதிகம். விரிசல் விட்ட கட்டடத்துக்குள் பொறியாளர் பார்த்துச் சொல்லும்வரை போக வேண்டாம்." நான்கு வரி. ஸ்க்ரோலில் ஓட்ட முதல் இரண்டு வரி போதும்.

இன்னொன்று, ஷிந்தோ 7 என்பதை 'ரிக்டரில் 7' என்று எழுதிவிடாதீர்கள். ஒன்று காலடியில் எவ்வளவு உலுக்கியது என்பது, மற்றது பூமிக்குள் வெளியான ஆற்றல். ஏற்கெனவே விரிசல் விட்ட வீட்டுக்கு நேர் கீழே வரும் 5.5, நூறு கிலோமீட்டருக்கு அப்பால் வரும் 7-ஐவிட அந்த வீட்டுக்குப் பெரியது. படிப்பவருக்கு இந்த வேறுபாடு தெரியாததாலேயே, அடுத்தது சின்னதுதானே என்று உள்ளே போகிறார்கள்.

அச்சம் பரவுமே என்பீர்கள். குமமோட்டோவில் உச்சத்தில் 1,80,000-க்கும் மேற்பட்டோர் முகாம்களில் இருந்தார்கள், வீட்டுக்குள் போகப் பயந்து காரிலேயே நாள்கணக்கில் தூங்கியவர்களும் ஏராளம். மடக்கிய கால்களில் ரத்தம் உறைந்து அதனாலும் உயிர்கள் போயின. பின்விளைவுகளால் இறந்தவர்கள், நேரடியாக இறந்தவர்களைப் போலப் பல மடங்கு. பயத்துக்கும் விலை உண்டு என்பதை நான் மறக்கவில்லை. அதனாலேயே 'மெகா பூகம்பம் வரப்போகிறது' என்று எழுதுவதையும் அதே மூச்சில் நிறுத்தச் சொல்கிறேன். நாளும் நேரமும் குறித்து நிலநடுக்கத்தைச் சொல்ல உலகில் யாராலும் இன்று முடியாது. 2025 ஜூலையில் ஜப்பானின் டோகாரா தீவுகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்ட அதிர்வுகள் கூட்டமாக வந்தபோது, ஒரு காமிக்ஸ் புத்தகத்தின் ஆருடத்தை அதோடு முடிச்சுப்போட்டு நம் தளங்கள் வாரம் முழுக்க ஓட்டின. அந்தத் தீவுகளில் ராத்திரி தூங்க முடியாமல் பிள்ளைகளோடு பள்ளியில் தங்கியவர்களைப் பற்றி எத்தனை வரி எழுதினோம்?

2024 ஆகஸ்ட் 8 மாலை ஜப்பானின் மியாசாகி கடலில் 7.1 வந்தது. ஜப்பானின் தெற்குக் கடலடியில் நீளும் 'நான்காய்' என்ற அகழியில் பெரிய நடுக்கத்துக்கான வாய்ப்பு வழக்கத்தைவிடக் கூடியிருக்கிறது என்று வானிலை முகமை அப்படியொரு அறிவிப்பை முதன்முறையாக வெளியிட்டது. கூடியிருக்கிறது என்றால், ஆயிரத்தில் ஒன்று இருந்த இடத்தில் சில நூறில் ஒன்று. ஒரு வாரம் கவனமாக இருங்கள், அன்றாட வேலையை நிறுத்த வேண்டாம் என்றும் சேர்த்தே சொன்னார்கள். ஆகஸ்ட் 15 அன்று அறிவிப்பை விலக்கிக்கொண்டார்கள். ஒன்றும் வரவில்லை.

அந்த வாரம் தம்பி மகன் ஒசாகாவிலிருந்து போன் செய்தான். கல்யாணமாகி, ஒரு பெண் குழந்தை. இங்கே தமிழ்த் தளங்களில் வந்ததைப் படித்துவிட்டு அவன் மனைவி பயந்துபோயிருந்தாள். "என்ன அத்தை பண்றது?" என்றான்.

"வருமா வராதான்னு எனக்குத் தெரியாதுப்பா. யாருக்கும் தெரியாது. ஒரு வாரம் அலமாரிப் பக்கத்துல யாரும் படுக்காதீங்க. செருப்பைப் படுக்கைப் பக்கத்துல வச்சுக்கோ, கண்ணாடி கிடக்கும். தண்ணி பிடிச்சு வை."

"அலமாரியெல்லாம் சுவரோட திருகி வச்சாச்சு அத்தை," என்றான். "ஊறுகாய் பாட்டில் கீழ்த் தட்டுல இருக்கு."

அன்புடன்,
முன்னாள் உதவி ஆசிரியர் ஒருத்தி
சென்னை